கொப்பியில் 26 இலட்சம், கூற்றில் 42 இலட்சம்: மட்டக்களப்பில் ஒரு வீட்டுக் கடன்

பின்னணி

மட்டக்களப்பில் வீடு எதற்காகக் கட்டப்படுகிறது என்பதை வெளியூர் வாசகருக்கு முதலில் சொல்லிவிட வேண்டும். இங்கே வீடு மகளுக்கு. கல்யாணம் முடிந்தால் மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்கு வருவார். தமிழர், முஸ்லிம்கள் இரு பகுதியாரிடமும் இந்த வழக்கம் உண்டு. பெண் பிள்ளை இருக்கும் வீட்டில், அவள் பள்ளிக்கூடம் போகத் தொடங்கும் முன்னமே அத்திவாரப் பேச்சு வந்துவிடும். இந்த ஆய்வில் வரும் கடனுக்கும் காரணம் அதுதான்.

குடும்பம் எழுவான்கரையை, அதாவது வாவிக்குக் கிழக்கே கடலோரமாக உள்ள பகுதியை, சேர்ந்தது. கணவர் வீடுகளுக்கு வயரிங் வேலை எடுத்துச் செய்யும் கொந்தராத்துக்காரர். கடன் எடுத்தபோது அவருக்கு வயது 41. மனைவி முன்பள்ளி ஆசிரியை. இரண்டு பெண் பிள்ளைகள், மூத்தவளுக்கு அப்போது 14. ஊரையும் வங்கியையும் சொல்லாமல் விடுகிறேன். நான் வேறொரு வங்கியின் கடன் பிரிவிலிருந்து ஓய்வுபெற்றவன். தெரிந்தவர்கள் கடன் தாள்களைக் கொண்டுவந்தால் வாசித்துச் சொல்வது இப்போதைய பொழுதுபோக்கு.

மூத்தவளுக்கென்று வைத்திருந்த காணி செங்கலடிப் பக்கம். 1935 ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ் அரசு கொடுத்த அனுமதிப்பத்திரக் காணி அது. ஊரில் பேர்மிட் காணி என்போம். அங்கே சுவர் மட்டம்வரை கட்டி நிறுத்தியிருந்தார்கள். கூரை, நிலம், கதவு, யன்னல், கிணறு என்று பாக்கி நிறைய. பேர்மிட் காணியை அந்த வங்கி ஈடாக ஏற்கவில்லை. ஆகவே, மனைவிக்கு அவருடைய தாய் சீதனமாகக் கொடுத்த, உறுதி (உரிமைப் பத்திரம்) உள்ள, எல்லோரும் குடியிருக்கும் வீட்டை ஈடு வைத்தார்கள். அம்மாவின் சீதன வீட்டை வைத்து மகளின் சீதன வீடு. கடனில் தவறினால் போவது எந்த வீடு என்பதை இதற்குப் பிறகு வரும் ஒவ்வொரு கணக்கிலும் நினைவில் வைக்க வேண்டும்.

கடன் எடுத்த விதம்

2021 ஜனவரியில் 40 இலட்சம் ரூபா, 20 வருடம், 240 தவணை. முதல் வருடம் 10 சதவீதம் நிலையான வட்டி. மாதம் 38,601 ரூபா. மாதச் சம்பளக்காரருக்கு இதைவிடக் குறைவாகக் கிடைத்தது. கணவருக்குச் சம்பளத் துண்டு இல்லை, ஆகவே அது கிடைக்கவில்லை.

அன்று வங்கியில் அவர்கள் கேட்ட கேள்வி ஒன்றுதான்: "மாசம் எவ்வளவு வரும் சேர்?" நான் மேசைக்கு மறுபக்கம் இருந்த காலத்தில் நூற்றுக்குத் தொண்ணூறு பேர் இதையேதான் கேட்டார்கள். நாங்களும் அதற்கு மட்டும் பதில் சொல்லி அனுப்பினோம். கேட்காததைச் சொல்லும் பழக்கம் என்னிடமும் இருக்கவில்லை.

கேட்டிருந்தால் கிடைத்திருக்கும் விடை இது. 38,601 ஐ 240 ஆல் பெருக்கினால் 92 இலட்சத்து 64 ஆயிரம். 40 இலட்சத்துக்கு 52 இலட்சத்துச் சொச்சம் வட்டி. அதுவும் 20 வருடமும் வட்டி 10 இல் நின்றால்தான். முதல் தவணையைப் பிரித்துப் பார்த்தால் இன்னும் தெளிவு: 38,601 இல் 33,333 வட்டிக்கு, 5,268 மட்டும் முதலுக்கு, அதாவது வாங்கிய கடன் தொகைக்கு. இதில் மோசடி ஒன்றும் இல்லை. வட்டி மீதித் தொகைக்குத்தான் கணக்கிடப்படுகிறது, தொடக்கத்தில் மீதி பெரிது, அவ்வளவுதான். வெளியே தெரியாமல் இருப்பதுதான் சிக்கல்.

கையில் வந்ததும் 40 இலட்சம் அல்ல. கடன்காரர் இறந்தால் மீதியைத் தீர்க்கும் ஆயுள் காப்புறுதிக்கு ஒரே தடவையில் 92,000. நொத்தாரிசு, காணிப் பதிவகச் செலவு 46,000. வங்கிக் கட்டணம் 20,000. மதிப்பீட்டாளருக்கு 18,500. தீக் காப்புறுதி 9,500. மொத்தம் 1 இலட்சத்து 86 ஆயிரம் கடனிலேயே கழிந்தது. கையிலிருந்து கட்டியிருந்தால் அந்தச் செலவு அதோடு முடிந்திருக்கும். கடனில் சேர்த்ததால், 10 சதவீதத்தில் 20 வருடம் கட்டும்போது அதுவே 4 இலட்சத்து 30 ஆயிரம் ஆகிறது.

ஈட்டுப் பத்திரம் முழுக்க ஆங்கிலத்தில் இருந்தது. ஒவ்வொரு பக்கத்தின் அடியிலும் இருவரும் சின்னக் கையெழுத்து வைத்திருக்கிறார்கள். ஏழாம் பக்கத்தில் ஒரு பந்தி: முதல் வருடத்துக்குப் பிறகு வட்டி, 'சராசரி நிறையேற்றப்பட்ட முதன்மைக் கடன்வழங்கல் வீதம்' கூட்டல் 3.5. ஒவ்வொரு ஜனவரியிலும், அதற்கு முந்திய டிசம்பர் கடைசி வீதத்தைப் பார்த்து மாற்றப்படும். உச்ச வரம்பு எதுவும் இல்லை. அந்தப் பந்தியின் கீழும் இரண்டு சின்னக் கையெழுத்து இருக்கிறது.

அந்த நீளமான பெயர் என்னவென்றால், வணிக வங்கிகள் தங்களுடைய மிக நம்பகமான வாடிக்கையாளருக்கு அந்த வாரம் கொடுத்த கடன்களின் சராசரி வட்டி. மத்திய வங்கி வாராவாரம் வெளியிடுகிறது. கொழும்பில் பெரிய கம்பெனிக்குக் கொடுக்கும் வட்டி ஏறினால் எழுவான்கரை வயரிங்காரரின் தவணையும் ஏறும்.

2021, 2022: தெரியாமல் போன இரண்டு வருடம்

2021 இல் அந்த வீதம் 6 சதவீதத்தின் அருகே கிடந்தது. யாரும் பயப்படவில்லை. வீட்டுக்குக் கூரை ஏறியது. சீமெந்துப் பை ஆயிரம் ரூபா அளவில் இருந்த காலம் அது. 2022 இல் அதே பை மூவாயிரத்தைத் தொட்டது. ஆகவே கடன் எடுத்ததே பிழை என்று நான் சொல்ல மாட்டேன். காத்திருந்திருந்தால் அந்தச் சுவர்கள் இன்றும் மழையில் நனைந்துகொண்டிருக்கும். நம்முடைய நவம்பர், டிசம்பர் மழையைத் தெரிந்தவருக்கு அதற்கு மேல் விளக்கம் தேவையில்லை.

2021 முடிவில் வீதம் 8.6 ஆகியிருந்தது. 2022 ஜனவரியில் இவர்களின் வட்டி 12.1, தவணை 44,148. ஐயாயிரத்துச் சொச்சம் கூடியது. முணுமுணுத்துக் கட்டினார்கள்.

அப்புறம் நாடே ஆட்டம் கண்டது. 2022 ஏப்ரல் 8 ஆம் திகதி மத்திய வங்கி கொள்கை வட்டி வீதங்களை, அதாவது வங்கிகளோடான தன் கொடுக்கல் வாங்கலுக்கு வைக்கும் வட்டியை, ஒரே நாளில் 7 சதவீதப் புள்ளிகள் ஏற்றியது. செப்டெம்பரில் கொழும்புப் பணவீக்கம் 69.8 சதவீதத்தில் நின்றது. பெற்றோலுக்கு வரிசை, வேலைக்குப் போக வழியில்லை, வீடு கட்டுபவர்கள் எல்லோரும் கட்டுவதை நிறுத்தியதால் வயரிங் வேலையும் இல்லை. இவர்களுக்கு வீதம் வருடத்துக்கு ஒருமுறைதான் மாறும் என்பதால் 2022 முழுவதும் 12.1 இலேயே கட்டினார்கள். அக்கம்பக்கத்தில் மூன்று மாதத்துக்கு ஒருமுறை மாறும் கடன்காரர்கள் கூக்குரலிட்டபோது இவர்கள் தப்பிவிட்டதாக நினைத்தார்கள்.

2023 ஜனவரிக் கடிதம்

2022 முடிவில் அந்த வீதம் 27.2. அதோடு 3.5 சேர்த்து 30.7. முதல் தொகையில் மீதி 38 இலட்சத்து 77 ஆயிரம். புதிய தவணை மாதம் 99,610 ரூபா என்று கடிதம் சொன்னது.

இந்த எண்ணைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். 99,610 ரூபாவில் 99,185 வட்டி. முதலுக்குப் போவது சுமார் 425 ரூபா. மாதம் ஒரு இலட்சம் கட்டி, கடனிலிருந்து ஒரு நேரச் சாப்பாட்டுக் காசைக் கழிப்பது போன்றது.

கணவர் வங்கிக்கு ஓடினார். அங்கே ஒரு சலுகை கொடுத்தார்கள்: இந்த வருடம் மாதம் 50,000 கட்டினால் போதும், மிச்ச வட்டி தனிக் கணக்கில் நிற்கும், வருட முடிவில் பார்த்துக்கொள்ளலாம். கெட்ட எண்ணத்தோடு கொடுத்த சலுகை அல்ல. அந்த நேரத்தில் பல வீடுகளைக் காப்பாற்றியதும் இப்படியான ஏற்பாடுதான். ஆனால் "தனிக் கணக்கில் நிற்கும்" என்பதைக் கணவர் "இப்போதைக்கு இல்லை" என்று விளங்கிக்கொண்டார். ஜனவரி முதல் ஜூலை வரை ஏழு மாதம் 50,000 கட்டினார். ஒவ்வொரு மாதமும் 49,185 ரூபா பின்னால் சேர்ந்துகொண்டிருந்தது.

நான் பார்த்தது

2023 ஜூலை கடைசி வாரம் இருவரும் வந்தார்கள். ஜூன் மாதமும் ஜூலை மாதமும் மத்திய வங்கி கொள்கை வீதங்களைக் குறைத்த செய்தி ரேடியோவில் கேட்டு, எங்களுக்கு ஏன் குறையவில்லை என்று கேட்கத்தான் வந்தார்கள். மனைவி ஒரு அப்பியாசக் கொப்பியைக் கொண்டுவந்தார். நடுவில் மடித்து, றப்பர் வளையம் போட்ட கொப்பி. ஒவ்வொரு பக்கத்திலும் வைப்புத் துண்டு ஒட்டி, பக்கத்தில் கழித்தல் கணக்கு. முதல் வரி 4,000,000. அதிலிருந்து 38,601. அடுத்த மாதம் இன்னொரு 38,601. முப்பத்தொரு மாதம், ஒன்றுகூடத் தவறாமல், மேலிருந்து கீழே. கடைசி வரியில் 2,657,012.

அவர் கட்டியதை முழுவதும் முதல் தொகையிலிருந்தே கழித்து வந்திருக்கிறார். கூட்டல் கழித்தலில் ஒரு பிழை இல்லை. கடன் பற்றிய விளக்கத்தில்தான் பிழை.

வங்கிக் கூற்றை அதன் பக்கத்தில் வைத்தேன். முதல் 3,876,940. சேர்ந்த வட்டி 344,295. மொத்தம் 4,221,235 ரூபா. 31 மாதத்தில் 13 இலட்சத்து 43 ஆயிரம் கட்டியாயிற்று, வாங்கிய 40 இலட்சம் 42 இலட்சத்து 21 ஆயிரமாக நிற்கிறது. மனைவி கொப்பியை மூடிவிட்டுக் கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு, "அப்ப நான் எழுதினதெல்லாம் என்ன சேர்?" என்றார். கட்டியதற்கான சாட்சி என்று சொன்னேன். ஆறுதலுக்குச் சொன்னதல்ல, பின்னால் வங்கியில் பேசியபோது தவறாமல் கட்டியதைக் காட்ட அந்தக் கொப்பிதான் உதவியது.

தாள்களைக் கிளறியபோது இன்னும் இரண்டு விஷயம் தென்பட்டன.

ஒன்று, வேறொரு வங்கியில் மனைவியின் பெயரில் 8 இலட்சம் ரூபா ஐந்து வருட நிலையான வைப்பு. மூத்தவளின் கல்யாணச் செலவுக்கென்று 2021 இல் போட்டது. வட்டி 7.5. ஒரு கையால் 7.5 க்குக் கொடுத்து, மறு கையால் 30.7 க்கு வாங்கிக்கொண்டிருந்தார்கள். இரண்டும் வேறு வேறு பெட்டி என்று மனதில் பிரித்து வைத்திருந்ததால் இது அவர்கள் கண்ணில் படவே இல்லை. எங்கள் வீடுகளில் 'இது பிள்ளையின் காசு' என்று ஒருமுறை சொல்லிவிட்டால் அதற்குப் பிறகு அதைக் கணக்கில் சேர்ப்பதில்லை.

மற்றது காப்புறுதி. அந்த ஆயுள் காப்புறுதி, 10 சதவீத அட்டவணைப்படி குறைந்துகொண்டே போகும் தொகைக்கு எழுதப்பட்டது. அந்த மாதம் அட்டவணைப்படி மீதி 38 இலட்சத்துச் சொச்சம். உண்மையான கடன் 42 இலட்சம். அன்று கணவருக்கு ஏதாவது ஆகியிருந்தால் 4 இலட்சம் அளவில் மனைவியின் தலையில் விழுந்திருக்கும். ஏணியில் நின்று வேலை செய்யும் மனிதர் என்பதால் இதைச் சொல்லாமல் விட முடியவில்லை.

எடுத்த முடிவுகள்

வைப்பை உடைப்பது முதல் முடிவு. வட்டியில் கொஞ்சம் போகும், போகட்டும். 8 இலட்சத்தில், சேர்ந்த வட்டி 344,295 முன்னதாகத் தீரும். மீதி 455,705 முதல் தொகையில் கழியும். வைப்பில் கிடைத்த வட்டியில் ஏறக்குறைய 60,000 மிஞ்சியது, அதை அவசரத்துக்கென்று சேமிப்புக் கணக்கில் விட்டோம். கையை முழுக்கத் துடைத்துக் கடனில் போட்டால் அடுத்த காய்ச்சலுக்கு மறுபடி கடன்தான்.

இரண்டாவது நகை. மூத்தவளுக்குச் சேர்த்த பவுண்களில் பாதியை விற்று முதல் தொகையில் போடச் சொன்னேன். 30.7 சதவீத வட்டிக்கு முன்னால் பெட்டிக்குள் கிடக்கும் தங்கம் எதற்கு என்பது என் வாதம். கணவர் அடகு வைக்கலாமா என்று கேட்டார். வேண்டாம் என்றேன், அடகு வட்டியும் அப்போது எரிந்துகொண்டிருந்தது. மத்திய வங்கி அடகு வட்டிக்கு 18 சதவீதம் என்று உச்சம் வைத்தது ஓகஸ்டில்தான். மனைவி இரண்டுக்கும் மறுத்துவிட்டார். "வைப்பை உடைக்கிறன் சேர், நகையில கை வைக்க மாட்டன்." நான் கொஞ்சம் கோபப்பட்டேன் என்பதையும் எழுதிவிடுகிறேன். 2025 வரை தங்கம் ஏறிய ஏற்றத்தைப் பார்த்தால் அவர் சொன்னதே சரியாகிவிட்டது. அவர் விலை ஏறும் என்று கணித்து மறுக்கவில்லை, நானும் விலை இறங்கும் என்று நினைத்துச் சொல்லவில்லை. ஆனாலும் பிழை என் பக்கம்.

மூன்றாவது, வருட நடுவில் வட்டியை மீளாய்வு செய்யும்படி எழுத்தில் கேட்பது. பத்திரப்படி வங்கிக்கு அப்படிச் செய்யும் கடமை இல்லை. ஆனால் கேட்பதற்குத் தடையும் இல்லை. கொள்கை வீதம் இரண்டு மாதத்தில் நாலரைப் புள்ளி இறங்கியிருந்தது. கையில் 8 இலட்சத்தோடு, ஒரு மாதமும் தவறாத கொப்பியோடு போகிறவருக்கு வங்கியும் கொஞ்சம் காது கொடுக்கும்.

கடைசியாக, வீட்டை வாடகைக்கு விடுவது. இதுதான் நீண்ட நேரம் எடுத்தது. வேலை முடிந்த வீடு பூட்டிக் கிடந்தது. மனைவியின் தாய் ஒரே பிடியாக நின்றார்: பிள்ளைக்கென்று கட்டின வீட்டில் முதல் முதல் பால் காய்ச்சுவது யாரோ ஒரு ஆளா? இந்த ஆட்சேபத்தை நான் சிரித்துத் தள்ளவில்லை. கடனை எடுத்ததே அந்த உணர்ச்சியால்தான், அதைக் கணக்கால் மட்டும் வெல்ல முடியாது. கடைசியில் அம்மம்மாவே வழி சொன்னார். முதலில் குடிபூரல் வைத்து, மூத்தவளின் கையால் பால் காய்ச்சி, ஒரு கிழமை எல்லோரும் அங்கே படுத்தெழும்பி, பிறகு வாடகைக்கு விடுவது. அப்படியே நடந்தது. வேறு மாவட்டத்திலிருந்து மாற்றலாகி வந்த ஓர் ஆசிரியர் குடும்பம் மாதம் 20,000 க்கு வந்தது.

வங்கியில் நடந்தது

வங்கி முகாமையாளர் ஓகஸ்ட் தவணையிலிருந்து வருட முடிவு வரை 22 சதவீதம் தர ஒத்துக்கொண்டார். நாங்கள் எதிர்பார்த்ததைவிட நல்ல முடிவு.

8 இலட்சத்தில்தான் சறுக்கல் வந்தது. மனைவி காசைக் கட்டி வந்த மறுநாள் கூற்றைப் பார்த்தால் சேர்ந்த வட்டி தீர்ந்திருக்கிறது, முதல் அப்படியே இருக்கிறது. மிச்ச 455,705 ரூபாவை எதிர்காலத் தவணைகளுக்கான முற்பணமாக ஒரு கணக்கில் போட்டிருந்தார்கள். அப்படி விட்டால் காசு வட்டியில்லாமல் கிடக்க, கடன் முழுத் தொகைக்கும் வட்டி எண்ணிக்கொண்டே போகும். 'மேற்படி தொகையை முதல் தொகையில் கழிக்கவும்' என்று ஒரு வரிக் கடிதம் எழுதி, பிரதியில் திகதி முத்திரை குத்தி வாங்கி வரச் சொன்னேன். அன்றே திருத்தினார்கள். பகுதி முன்கொடுப்பனவுக்குக் கட்டணம் எடுக்கவில்லை. முழுக்கடனையும் தீர்த்தால்தான் 3 சதவீதம் என்று பத்திரத்தில் இருந்தது.

முதல் 34 இலட்சத்து 21 ஆயிரம் ஆனது. 22 சதவீதத்தில், எஞ்சிய காலத்துக்குத் தவணை 64,162. வாடகை 20,000 போக, கையிலிருந்து 44,162. அதாவது 2022 இல் கட்டிவந்த அளவுதான்.

அதன் பின்

2023 முடிவில் வீதம் 12.1 அளவுக்கு இறங்கியது. 2024 ஜனவரியில் வட்டி 15.6, தவணை 47,808 என்று கடிதம் வந்தது. கணவர் போனில் கூப்பிட்டு, "பதினாறாயிரம் குறைஞ்சிட்டு சேர்" என்று சந்தோஷமாகச் சொன்னார். குறைக்க வேண்டாம், 64,162 ஐயே கட்டுங்கள், கூடுதல் காசு முதல் தொகையில் கழிய நிரந்தரக் கடிதம் ஒன்று கொடுங்கள் என்றேன். இந்த யோசனை அவருக்குப் பிடிக்கவில்லை. ஒரு கிழமைக்குப் பிறகு மனைவி கூப்பிட்டு, கட்டுகிறோம் என்றார்.

அதே ஜனவரியில் இன்னொரு வங்கி ஐந்து வருடம் 14 சதவீதம் நிலையாகத் தருகிறோம் என்றது. மாறினால் வருடத்துக்கு ஏறக்குறைய 55,000 மிச்சம். மாறும் செலவு: பழைய வங்கிக்கு 3 சதவீதம், ஒரு இலட்சத்துக்கு மேல். புதிய நொத்தாரிசு, மதிப்பீடு என்று இன்னும் 75,000. போட்டதை எடுக்க மூன்று வருடத்துக்கு மேல். வீதமோ இறங்கிக்கொண்டிருந்தது. மாறவில்லை. 2025 இல் பழைய கடனே 12.4 க்கு வந்தது. சரியாக அமைந்தது என்பதற்காக இதைப் பெரிய தீர்க்கதரிசனம் என்று யாரும் எண்ண வேண்டாம். வீதம் மறுபடி ஏறியிருந்தால் நான் இதை வேறு மாதிரி எழுதிக்கொண்டிருப்பேன்.

2024 டிசம்பரில் முதல் 31 இலட்சத்து 59 ஆயிரம். 2025 மே மாதக் கூற்றில் முதல்தடவையாக 30 இலட்சத்துக்குக் கீழே வந்தது. ஜூன் 30 இல் 2,964,555.

இப்போது முழுக் கணக்கு. வீதம் 12.4 இல் நின்று, 64,162 தொடர்ந்தால் கடன் 2030 ஒக்டோபரில் முடியும். பத்திரத்தில் உள்ள முடிவு 2040 டிசம்பர். மொத்தம் கட்டுவது, அந்த 8 இலட்சத்தையும் சேர்த்து, ஏறக்குறைய 76 இலட்சத்து 70 ஆயிரம். 2024 இல் தவணையைக் குறைத்துக்கொண்டு கடிதம் சொன்னதை மட்டும் கட்டியிருந்தால் 2040 வரை 1 கோடி 8 இலட்சம். அந்த 31 இலட்சம் வித்தியாசம் எந்தப் பெரிய வருமானத்தாலும் வரவில்லை. 16,000 ரூபாவைக் குறைக்காமல் விட்டதால் வருகிறது, அதுவும் முதல் இன்னும் பெரிதாக இருக்கும் வருடங்களில் விட்டதால்.

மொத்தத் தொகையை மட்டும் வைத்துப் பயமுறுத்துவதும் பிழை என்பதையும் இங்கே சொல்ல வேண்டும். 2021 க்கும் 2023 க்கும் இடையில் விலைவாசி ஏறக்குறைய இரட்டிப்பானது. கணவரின் கூலியும் பின்னால் ஓடி ஏறியது. 2025 இல் கட்டும் 64,162 ரூபா 2021 இன் 64,162 அல்ல. அந்த நாட்களில் நீண்ட காலத்துக்கு நிலையான வட்டியில் எடுத்தவர்கள் உண்மையில் கொள்ளை லாபம் அடைந்தார்கள், பணவீக்கம் அவர்களுடைய கடனைத் தின்றுவிட்டது. மிதக்கும் வட்டிக்காரருக்கு அந்தப் பாக்கியம் இல்லை. விலை ஏறும்போது வட்டியும் கூடவே ஏறிவிடும்.

மறுபடி செய்வதென்றால்

கடன் எடுக்கும் நாளில் மூன்று அட்டவணை கேட்டிருக்க வேண்டும்: 10, 15, 20 சதவீதத்தில் மாதம் எவ்வளவு, மொத்தம் எவ்வளவு. எந்தக் கிளையிலும் கணினியில் ஐந்து நிமிட வேலை. 20 சதவீதத்தில் 40 இலட்சத்துக்குத் தவணை 68,000 ஐ எட்டும் என்று தெரிந்திருந்தால் இவர்கள் 25 இலட்சம் எடுத்து, கூரையையும் கதவையும் முடித்து, நிலத்தைச் சீமெந்தோடு விட்டிருப்பார்கள் என்று கணவரே சொன்னார். தரை ஓடு பதித்தது கடன் காசில்தான்.

ஏழாம் பக்கத்தைத் தமிழில் வாசித்துக் காட்டும்படி நொத்தாரிசிடம் கேட்டிருக்க வேண்டும். 'உச்ச வரம்பு உண்டா' என்ற ஒரு கேள்வியை வங்கியிடமும் வைத்திருக்கலாம். இல்லை என்றுதான் பதில் வந்திருக்கும், ஆனால் இல்லை என்பது தெரிந்து கையெழுத்து வைப்பது வேறு.

2023 ஜனவரியில் சலுகையை ஏற்ற அன்றே வைப்பை உடைத்திருந்தால், 8 இலட்சமும் அன்றே முதல் தொகையில் கழிந்து, அந்த 344,295 இல் ஏறக்குறைய 1 இலட்சத்து 43 ஆயிரம் சேராமல் பார்த்திருக்கலாம். ஆறு மாதம் கழித்து வந்தார்கள். ஏன் முன்னமே வரவில்லை என்று கேட்டபோது, "கடன் கட்ட ஏலாமல் இருக்கிறம் எண்டு ஊருக்குத் தெரிஞ்சிடும்" என்றார் கணவர். பெண் பிள்ளை உள்ள வீட்டில் அந்தப் பயம் லேசானது அல்ல.

காப்புறுதி இடைவெளியைப் பற்றி நான் சொன்னேனே தவிர, அதற்கு ஒன்றும் செய்து கொடுக்கவில்லை. அந்த 8 இலட்சத்தைக் கட்டியதோடு கடன் அட்டவணைக்குக் கீழே வந்துவிட்டதால் இடைவெளி தானாக மூடிக்கொண்டது. அதற்கு முன் ஒன்றும் நடக்காதது அதிர்ஷ்டம்.

மூத்தவளுக்கு இப்போது 18. ஆசிரியர் குடும்பம் இன்னும் அந்த வீட்டில் இருக்கிறது. பேர்மிட் காணிக்கு, உரித்தைத் தரும் அளிப்புப் பத்திரம் கேட்டுப் பிரதேச செயலகத்தில் விண்ணப்பம் கொடுத்திருக்கிறார்கள், இன்னும் வரவில்லை. அம்மாவின் வீட்டு உறுதி வங்கிப் பெட்டகத்தில்தான் கிடக்கிறது. மனைவி புதுக் கொப்பி வைத்திருக்கிறார். அதில் இப்போது மூன்று நிரல்: கட்டியது, வட்டிக்குப் போனது, முதலுக்குப் போனது. இளையவளுக்கு இன்னும் காணி பார்க்கவில்லை.